கையூட்டு எனும் கயிறு

இலஞ்சத்தை அரபியில் 'ரிஷ்வத்' என்பர். கிணற்று நீரை எட்டும் வாளிக் கயிறாகிய 'ரிஷா' என்னும் சொல்லோடு அதனை உறவுபடுத்துவர் அகராதி வல்லுநர். போடிநாயக்கனூர்த் தோட்டங்களில் கமலை இறைப்பதைச் சிறு வயதில் கண்ட எனக்கு இவ்வுறவு எளிதில் விளங்கிற்று. வடத்தின் ஒரு முனையில் சால்; மறுமுனை மாட்டின் நுகத்தில். ஓட்டுபவன் எண்ணப்படியே சால் ஏறும், இறங்கும்.

மக்கள் பிரதிநிதிகளையும் இவ்வாறே ஆட்டலாம் என்பதற்குத் தென் அமெரிக்காவின் பெரு நாடு சான்று. 2000-ஆம் ஆண்டுத் தேர்தலில் அதிபர் ஃபுஜிமோரியின் அணிக்கு 120 இடங்களில் 52 மட்டுமே கிடைத்தன. அவருடைய உளவுத்துறையை நடத்திய மொந்தெசினோஸ், எதிரணி உறுப்பினர்களைப் பணத்தால் வளைத்தார். ஒருவருக்கு 15,000 டாலர் கொடுத்ததைத் தாமே படம்பிடித்தும் வைத்தார். பணம் செலவாகிவிடும், அச்சம் செலவாகாது அன்றோ? செப்டம்பர் 14-இல் அப்படம் தொலைக்காட்சியில் வெளியாயிற்று; நவம்பரில் ஆட்சி வீழ்ந்தது.

நம் நாட்டில், பணம் பெற்று அவையில் வாக்களித்த உறுப்பினருக்கு 1998-இல் உச்ச நீதிமன்றம் அளித்த பாதுகாப்பை, அதே நீதிமன்றம் 2024 மார்ச் 4-இல்தான் நீக்கிற்று.

கொடுப்பவரையும் வாங்குபவரையும் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் ஒருசேரச் சபித்தார்கள். தேர்தலுக்கு முன்னிரவில் நம் வாசலுக்கு வரும் உறையும் அக்கயிற்றின் ஓர் இழையே. அதனைப் பெற்ற கை, நாளை வென்றவரிடம் கணக்குக் கேட்க நீளுமா?