பூச்சாண்டியும் சித்திரப் புத்தகமும்

நம்முடைய குழந்தைகள் முதன்முதலாகக் கேட்கும் கதையிற் பெரும்பாலும் கதாநாயகன் இருப்பதில்லை. பூச்சாண்டி மாத்திரமே இருப்பான். சோற்றுக் கவளத்தை வாங்க மறுக்கும் பிள்ளைக்கு யன்னலுக்கு அப்பால் நிற்பவனாகவும், உறங்க மறுக்கும் பிள்ளைக்குக் கட்டிலின் கீழே படுத்திருப்பவனாகவும் வேளைக்கொரு வேஷம் தரித்து வரும் இந்தப் பேர்வழிக்குக் கொழும்பிலே கோணி பில்லா என்று ஒரு சிங்களத் தோழனும் உண்டு. சாக்கொன்றைத் தோளிலே போட்டுக்கொண்டு, சொற்கேளாப் பிள்ளைகளை அள்ளிச் செல்பவன். கொட்டாஞ்சேனைத் தோட்டங்களில் எல்லாப் பாஷைகளும் ஒரே குழாயடியிற் கூடுவதால், அங்குள்ள பிள்ளைகள் இருவருக்கும் பாரபட்சமின்றிப் பயந்து வளர்கிறார்கள். இவ்வாறு ஐந்து வயது வரையிற் சோற்றோடு சேர்த்துப் பயத்தையும் ஊட்டிவிட்டு, பிறகு பிள்ளை மேடையேறக் கூசுகிறதே, வகுப்பிற் கையை உயர்த்தப் பின்வாங்குகிறதே என்று விசாரப்படும் பெற்றோர், புத்தகக் கடைக்கு வந்து, இருமலுக்குப் பாணி கேட்பது போலத் தைரியத்துக்குப் புத்தகம் கேட்பதை நான் பலமுறை கண்டிருக்கிறேன்.

வெள்ளவத்தைக் காலி வீதியில் அவ்வாறு கேட்டு வருவோருக்கு எடுத்துக் கொடுக்கப்படும் புத்தகங்களைப் புரட்டிப் பார்ப்பதும் எனக்கு ஒரு பொழுதுபோக்கு. பளபளக்கும் தாளில் அச்சான ஆங்கிலப் புத்தகங்கள். அட்டையில் மார்பை நிமிர்த்தி நிற்கும் முயலோ சிங்கக்குட்டியோ இருக்கும். உள்ளே அந்தப் பிராணி சில பக்கங்கள் பயந்து, அன்னையின் உபதேசத்தைக் கேட்டு, உடனே அச்சம் நீங்கி, முடிவிற் பரிசும் வாங்கிவிடும். அதுவும் போதாதென்று, இக்கதையினால் நாம் அறிவது யாது என்று பெட்டி கட்டிய பந்தியொன்றும் இறுதியிற் காத்திருக்கும். பயம் இவ்வளவு சுலபமாக நீங்கும் வஸ்துவாயின் அதற்குப் புத்தகமே வேண்டியதில்லை என்பதைப் பிள்ளை கண்டுகொள்கிறது. அதனோடு, முயலுக்கு நீங்கிய பயம் தனக்கு மாத்திரம் நீங்கவில்லையே என்ற புதிய குறையொன்றையும் மனத்தில் ஏற்றிக்கொள்கிறது. 1930ஆம் ஆண்டில் அமெரிக்காவில் வெளிவந்து இன்றளவும் விற்பனையாகும் சின்ன ரயில் எஞ்சினின் கதைகூட, என் அபிப்பிராயத்தில், இக்குற்றத்தினின்று முற்றாகத் தப்பியதன்று. பெரிய எஞ்சின்கள் மறுத்த பாரத்தைச் சிறிய எஞ்சின் ஒன்று, தன்னால் முடியுமென்று தனக்குத்தானே சொல்லிச் சொல்லி மலைக்கு அப்பால் இழுத்துச் செல்கிறது. அந்தச் சொற்களின் தாளமும் சக்கரத்தின் தாளமும் ஒன்றுபடுவதாற் பிள்ளைகள் அதனை விரும்புகிறார்கள் என்பது உண்மை. கடலோரப் புகையிரத ஓசையைத் தொட்டிலிற் கிடந்தே கேட்கும் வெள்ளவத்தைப் பிள்ளைகள் விரும்பாமல் இருப்பார்களா? ஆயினும், முடியுமென்று சொல்லியும் முடியாமற் போன எஞ்சினைப் பற்றி அந்தப் புத்தகத்தில் ஒரு வார்த்தையும் இல்லை. உலகத்தில் அத்தகைய எஞ்சின்களே அதிகம்.

இதற்கு நேர்மாறான வழியிற் சென்றவர் மொரிஸ் சென்டாக். காட்டுப் பிராணிகள் வாழும் இடத்தைப் பற்றி 1963இல் அவர் எழுதி வரைந்த சிறிய நூலிலே, குறும்பு செய்தமைக்காக இரவுணவின்றி அறைக்கு அனுப்பப்பட்ட மக்ஸ் என்னும் சிறுவன், அறைக்குள்ளேயே காடு வளர்ந்து கடலும் வந்துசேரப் படகேறிப் போய், கோரைப் பற்களும் மஞ்சட் கண்களும் உடைய பிராணிகளை இமை கொட்டாமற் பார்த்தே அடக்கி, அவற்றுக்கு அரசனாகி, பிறகு அதிலும் அலுப்புற்று வீடு திரும்புகிறான். தைரியத்தைப் பற்றி அவனுக்கு ஒருவரும் உபதேசிக்கவில்லை. செய்ய வேண்டியதைச் சித்திரமே செய்கிறது. முதற் பக்கத்தில் வெள்ளைத் தாளின் நடுவே அடக்கமாக இருந்த படம், மக்ஸின் கோபம் வளர வளரத் தானும் வளர்ந்து, பக்கத்தை நிறைத்து, எதிர்ப் பக்கத்திலும் பரவி, பிராணிகளோடு அவன் கூத்தாடும் கட்டத்திற் சொற்களையே வெளியேற்றிவிட்டு மூன்று விரிப்புகளைத் தனியே ஆட்சி செய்கிறது. திரும்பும் வழியிற் சொற்கள் மறுபடி வருகின்றன. கடைசிப் பக்கத்திற் படமே கிடையாது, வீட்டில் அவனுக்காக வைத்திருந்த உணவு இன்னும் ஆறவில்லை என்ற செய்தி மட்டும் இருக்கிறது. பயம் எவ்வளவு பெரியது என்பதைக் கண்ணாற் கண்டு, அது எங்கே முடிகிறது என்பதையும் கையாற் புரட்டி அறிந்த பிள்ளை, மறுபடியும் முதலிலிருந்து வாசிக்கச் சொல்லும். அந்த மறுபடியும் என்ற வேண்டுகோளிலேதான் தன்னம்பிக்கை பிறக்கிறது என்று நினைக்கிறேன். பெயர்பெற்ற உளவியலறிஞராகிய புரூனோ பெத்தல்ஹைம் 1969இல் இந்நூல் குழந்தைகளுக்குக் கலக்கம் தருமென்று கண்டித்து எழுதினார். அப்பொழுது அவர் அதனைப் படித்திருக்கவில்லை. படியாத நூலைப் பற்றி அபிப்பிராயம் சொல்லும் வழக்கம் நம்மவருக்கு மாத்திரம் உரியதன்று என்பதில் எனக்குச் சிறிது ஆறுதல்.

சென்டாக்குக்கும் முன்பே, நம்முடைய தீவிலேயே, இந்த இரகசியத்தை அறிந்த ஒருவர் இருந்தார். காலிக்கு அண்மையிலுள்ள ஜின்தோட்டையிற் பிறந்து, பத்திரிகைகளிற் சித்திரம் வரைந்து பெயர்பெற்ற சிபில் வெத்தசிங்க அம்மையாரின் 'குட ஹொரா', அதாவது குடைக் கள்ளனின் கதை, 1956இல் வெளியானது. ஓய்வுபெற்ற வாத்தியாராகிய எனக்கு, வெள்ளவத்தைத் தொடர்மாடியில் அயல்வீட்டுப் பிள்ளைகளுக்கும், கொட்டாஞ்சேனையிலே தமக்கை வீட்டு விறாந்தையிற் சனிக்கிழமைகளிற் கூடும் பிள்ளைகளுக்கும் புத்தகம் வாசித்துக் காட்டும் வழக்கம் உண்டு. அப்போதெல்லாம் சிங்களப் பிரதியை மடியில் விரித்துவைத்துக்கொண்டு கதையைத் தமிழிற் சொல்லிக்கொண்டு போவேன். படங்களுக்குப் பாஷாபேதம் இல்லையாதலால் எவரும் அதனை ஒரு விசித்திரமாகக் கருதுவதில்லை. சிங்களம் படிக்கத் தெரிந்த சிறுமி ஒருத்தி மட்டும், நான் எங்கேனும் ஒரு வரியை விழுங்கிவிட்டால் உடனே கண்டுபிடித்துவிடுவாள்.

கதை எளியது. குடையையே காணாத, மழை வந்தால் வாழையிலையையும் கிழங்கிலையையும் தலைக்கு மேற் பிடித்துச் செல்லும் கிராமமொன்றிலிருந்து கிரி மாமா முதன்முறையாகப் பட்டணத்துக்குப் போகிறார். அங்கே குடைகளைக் கண்டு அதிசயித்து ஒன்றை வாங்கி வருகிறார். ஊருக்குத் திரும்பிக் கோப்பிக் கடைக்குள் நுழையுமுன் குடையை வெளியே ஒளித்துவைக்க, வந்து பார்க்கும்பொழுது அது மாயமாகியிருக்கிறது. மறுபடி வாங்க, மறுபடி களவு போகிறது. எத்தனை குடை போனாலும் மனம் தளராத அந்த மனிதர், ஈற்றில் ஓர் உபாயம் செய்து, குடையின் மடிப்புகளுக்குள் காகிதத் துண்டுகளைப் போட்டு வைக்கிறார். அடுத்த நாட் காலையில் அவை உதிர்ந்த வழியே நடந்து காட்டுக்குள் நுழைந்து, மரமொன்றிலே தம்முடைய குடைகள் யாவும் தொங்கக் காண்கிறார். கள்ளன் ஒரு குரங்கு. கள்ளனுக்கென்று ஒரு குடையை விட்டுவிட்டு, எஞ்சியவற்றைக் கொண்டு ஊரிலே குடைக்கடை வைத்துவிடுகிறார்.

காட்டுக்குள் அவர் நுழையும் பக்கத்தில் விறாந்தை எப்பொழுதும் அமைதியாகிவிடும். ஒரு நாள் அந்தப் பக்கத்திலே சிறுவன் ஒருவன், "சேர், அவருக்குப் பயம் இல்லையா?" என்று கேட்டான். நான் விடை சொல்லுமுன், வயதில் அவனிலும் சிறியவள் ஒருத்தி, "பயம்தான். ஆனா குடை வேணுமே" என்றாள். மனோதைரியம் என்னும் விஷயத்தைப் பற்றி நான் வாசித்த சாஸ்திர நூல்கள் எதிலும் இத்துணைச் சுருக்கமான விளக்கம் இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை. கதையிலே தைரியம் என்ற சொல் ஓரிடத்திலும் தலைகாட்டவில்லை என்பதையும், அம்மையார் தம்முடைய நாயகரை வீரராக அல்ல, குடை வாங்குவதில் ஆசையும் அதனைப் பாதுகாப்பதில் அசட்டுத்தனமும் கொண்ட ஒரு சாமானியராகவே வரைந்தார் என்பதையும் கவனிக்க வேண்டும். அசடராகத் தோன்றும் ஒருவர் புத்தியினால் வெல்வதைக் காணும் பிள்ளை, தன்னையும் அவ்விடத்தில் வைத்துப் பார்ப்பதற்குத் தடையே இல்லை.

தமிழிலே இத்தகைய முயற்சி இல்லையோ என்று கேட்பார்க்கு, சொற்களைப் பொறுத்தமட்டில் நாம் எவருக்கும் பின்னால் நின்றவரல்லர் என்று சொல்வேன். 1878இற் பிறந்து 1953இல் மறைந்த, தங்கத் தாத்தா என்று யாழ்ப்பாணத்தார் அன்போடழைத்த நவாலியூர்ச் சோமசுந்தரப் புலவர், கத்தரித் தோட்டத்து வெருளியை ஒரு சேவகனாக மரியாதையோடு விளித்துக் கேலிசெய்து பாடியபொழுது, அச்சுறுத்தும் உருவத்தின் உள்ளே வைக்கோல்தான் இருக்கிறது என்ற பேருண்மையைச் சிரிப்போடு குழந்தைகளுக்குக் கொடுத்துவிட்டார். சித்திரத்துக்கோ நாம் நெடுங்காலம் சென்னையை எதிர்பார்த்திருந்தோம். 1947இல் தொடங்கிய அம்புலிமாமாவிலே, சங்கர் என்று கையெழுத்திட்ட கே. சி. சிவசங்கரன் வரைந்த விக்கிரமாதித்தனை என் தலைமுறையினர் மறப்பதற்கில்லை: சுடுகாட்டின் நடுவே, தோளிலே பிணம், கையிலே உருவிய வாள், நெஞ்சிலே என்ன இருந்ததோ யாரறிவார்! வேதாளம் தப்பி ஓடி மறுபடி மரத்தில் ஏறிக்கொள்ளும்போதெல்லாம் சலியாமற் போய் மறுபடி இறக்கிச் சுமந்த அந்த அரசனும், சலியாமற் குடை வாங்கிய கிரி மாமாவும் ஒரே குலத்தவர்கள் என்று எனக்குத் தோன்றுவதுண்டு. அவ்விருவரையும் வரைந்த கைகள் 2020ஆம் ஆண்டிலேயே, ஒன்று ஜூலையிலும் மற்றது செப்டெம்பரிலும், ஓய்ந்தன.

எழுபதுகளில் இந்தியச் சஞ்சிகைகளின் இறக்குமதி கட்டுப்படுத்தப்பட்ட காலத்தில், மாஸ்கோவில் தமிழில் அச்சாகி மலிவு விலையிற் கொழும்புக்கு வந்த சோவியத் நூல்கள் எங்களுக்குக் கைகொடுத்தன. அவற்றுள் 'அப்பா சிறுவனாக இருந்தபோது' என்பதனைத் தனியே சொல்ல வேண்டும். அலெக்ஸாந்தர் ரஸ்கின் என்னும் எழுத்தாளர், நோயுற்ற தம் மகளுக்கு ஆறுதலாகத் தமது பாலிய காலத்து அசட்டுத்தனங்களையும் அவமானங்களையும் பயங்களையும் ஒளியாது சொல்லத் தொடங்கி, பின்பு அவற்றை நூலாக்கினார். தகப்பனும் ஒரு காலத்திற் பயந்தவனே என்று அறியும் குழந்தைக்கு வேறு உபதேசம் எதற்கு? இன்று நிலைமை பெரிதும் மாறியிருக்கிறது. 1996இற் சென்னையில் ஆரம்பமான தூலிகா, குழந்தைகளுக்கான படநூல்களைத் தமிழிலும் வெளியிட்டு வருகிறது. ஆழிப்பேரலைக்கு அடுத்த ஆண்டில் இலங்கையிற் பணி தொடங்கிய ரூம் டு ரீட் நிறுவனம் சிங்களத்திலும் தமிழிலும் பாலர் நூல்களைப் பாடசாலை நூலகங்களுக்கு வழங்கியிருக்கிறது. இவற்றுள்ளும் உபதேச ஜுரம் பிடித்தவை உண்டு. அவற்றை இங்கே நான் எடுத்துரைக்கப் போவதில்லை.

நான் சொல்லத் தயங்கும் ஒரு விஷயத்தைச் சொல்லித்தான் ஆகவேண்டும். வைக்கோல் வெருளிக்குப் பயப்படாதே என்று பிள்ளைக்குச் சொல்லலாம்; ஆனால் இந்நகரத்துத் தமிழ்ப் பிள்ளைகளுக்குப் பெரியோர் ஊட்டிய பயங்கள் யாவும் வைக்கோலாற் செய்தவையல்ல. 1983ஆம் ஆண்டு ஜூலையில் வெள்ளவத்தை ஒழுங்கைகள் எரிந்ததைக் கண்ட தலைமுறை, தன் பிள்ளைகளிடம் பஸ்ஸிலே தமிழிற் கதைக்காதே என்று சொன்னது. பெண்கள் வீதிக்கு இறங்குமுன் நெற்றிப் பொட்டை அழித்தார்கள். சுற்றிவளைப்புக் காலத்தில், முகமூடியின் உள்ளிருந்து தலையை மட்டும் அசைத்து ஆள்காட்டிய தலையாட்டிக்கு முன்னால் எந்தப் பூச்சாண்டியும் ஒரு பொருட்டாகாது. 2019ஆம் ஆண்டு உயிர்த்த ஞாயிறன்று கொச்சிக்கடை புனித அந்தோனியார் ஆலயத்திற் குண்டு வெடித்தபொழுது, கொட்டாஞ்சேனைப் பிள்ளைகள் அதனைக் காதாலேயே கேட்டார்கள். அடுத்து வந்த வாரங்களில், யன்னற்கதவு காற்றுக்கு அடித்துச் சாத்தினாலும் அழுத பிள்ளைக்கு, ஒன்றுமில்லை, பயப்படாதே என்று சொல்வது தைரியம் அளிப்பதாகாது, அது பொய்யுரைப்பது. மட்டக்களப்பில் 1996இல் யுத்தத்தின் நடுவே தொடங்கப்பட்ட வண்ணத்துப்பூச்சிப் பூங்காவிலே பிள்ளைகளுக்குக் களிமண்ணையும் வர்ணங்களையும் கொடுத்து, கண்டதையும் காணாததையும் அவர்களையே சொல்லச் செய்த பெரியோர் இதனை நன்கு உணர்ந்திருந்தனர்.

புத்தகம் நிஜமான பயத்தைப் போக்கும் என்று நான் வாதிக்க வரவில்லை. ஆனால் வீதியிலே குரலைத் தாழ்த்தப் பழகிய பிள்ளை, விறாந்தையிலே குரங்கின் பங்கையும் கிரி மாமாவின் பங்கையும் தன் தாய்மொழியில் உரத்துப் பேசுவதை, அடுத்த வீட்டார் எட்டிப் பார்க்கும் அளவுக்கு உரத்துப் பேசுவதைக் கேட்கையில், தன்னம்பிக்கை என்பது உள்ளத்தில் மட்டும் அல்ல, தொண்டையிலும் உள்ளது என்று எனக்குத் தோன்றும்.

வெத்தசிங்க அம்மையார் தம் இறுதிக் காலத்தில் இன்னும் ஒரு படி மேலே சென்றார். 'வண்டர் கிறிஸ்டல்' என்னும் கதையை எழுதி, அதன் முடிவைச் சொல்லும்படி நாட்டின் சிறுவர்களையே கேட்டார். அவர்கள் எழுதி அனுப்பியவற்றுள் 1,250 முடிவுகளோடு அமைந்த அந்நூல், அவர் மறைந்த பின்னர் கின்னஸ் சாதனையாகப் பதிவாயிற்று. சாதனை கிடக்கட்டும், தொண்ணூறு வயதைத் தாண்டிய ஒரு கலைஞர், எனக்குத் தெரிந்த முடிவைவிட உன்னுடைய முடிவு மேலானதாக இருக்கக்கூடும் என்று ஒரு குழந்தைக்குச் சொன்னாரே, அதனை எண்ணிப் பாருங்கள். அதைக் கேள்விப்பட்டபின் நானும் சில கதைகளைக் கடைசிப் பக்கத்துக்கு முன்னரே மூடிவிடுகிறேன். பிள்ளைகளின் முடிவுகளிற் குரங்குக்கு ஒரு தரம் சிறைத்தண்டனையும், ஒரு தரம் குடைக்கடையிற் பங்கும், ஒரு தரம் கனடாவுக்கு விசாவும் கிடைத்திருக்கின்றன.

இவையெல்லாம் நான்காம் வகுப்பு வரையிலேதான். ஐந்தாம் ஆண்டுப் புலமைப்பரிசில் பரீட்சையின் நிழல் விழத் தொடங்கியதும், கதைப் புத்தகம் வீண்பொழுது என்ற தீர்ப்பு எல்லா வீடுகளிலும் எழுதப்பட்டுவிடுகிறது. கொட்டாஞ்சேனை, வெள்ளவத்தை என்ற பேதம் இதில் இல்லை. அண்மையில் எங்கள் தொடர்மாடித் தாய் ஒருவர் படிக்கட்டிலே என்னை மறித்து, "மாஸ்டர், இந்தப் படப் புத்தகம் சோதினைக்கு ஏதும் உதவுமோ?" என்று நேராகவே கேட்டார். உதவாது என்று நானும் நேராகவே சொன்னேன். அவர் சற்று யோசித்துவிட்டு, "சரி, வரட்டும். ஆனா ஐஞ்சு மணிக்கு முன்னம் அனுப்பிவிடுங்கோ, ரியூசன் இருக்கு" என்றார்.