கடவுளின் சஸ்பென்ஸ் அக்கவுண்ட்

காங்கேயம் என்றால் காளைதான் ஞாபகம் வரும். கன்று செவலையாகப் பிறந்து ஆறே மாசத்தில் மயிலையாகிவிடும். அதாவது, நரைத்துவிடும். (நமக்கு அதற்கு முப்பது வருஷமாவது ஆகிறது!) காளையை விடுங்கள். அங்கிருந்து திருப்பூர் போகிற வழியில் கொஞ்ச தூரத்திலேயே சிவன்மலை. பெயர்தான் சிவன்மலை, குடியிருப்பவர் முருகன்!

அங்கே ஒரு கண்ணாடிப் பெட்டி. 'ஆண்டவன் உத்தரவுப் பெட்டி'. யாராவது ஒரு பக்தர் கனவில் முருகன் வந்து, 'இன்ன பொருளை வை' என்பார். அவர் ஓடி வந்து கோயிலில் சொல்ல, சாமியிடம் பூக் கேட்பார்கள். உத்தரவானால் பொருள் பெட்டிக்குள் போகும். அடுத்த ஆளுக்குக் கனவு வரும்வரை அதேதான். கெடுவெல்லாம் கிடையாது. மண், மஞ்சள், தண்ணீர், இரும்புச் சங்கிலி, துப்பாக்கி... எல்லாம் வந்து போயிருக்கின்றன.

பி.காம். படித்தவனுக்கு இது சுலபமாகப் புரியும். கணக்கு டேலி ஆகாவிட்டால் வித்தியாசத்தை சஸ்பென்ஸ் அக்கவுண்ட்டில் போட்டு வைப்போமே, அதே சமாச்சாரம்! காரணம் பிற்பாடு கிடைக்கும். தண்ணீர் வைத்தார்கள், 2004 டிசம்பரில் சுனாமி வந்தது என்கிறார்கள். என்ட்ரி பாஸ்! ஒன்றுமே நடக்காமல் போன பொருள்களை மட்டும் யாரும் ஆடிட் செய்வதில்லை.

எனக்கு உறைத்தது வேறு. இத்தனை கோடி ஜனத்தில் ஒருத்தரைத் தேடி வந்து, 'உன்னால் ஒரு காரியம் ஆகணும்' என்கிறாரே! லாட்ஜ் ரூமில் தனியாகப் படுக்கிறவனுக்குத்தான் அதன் அருமை தெரியும். என்னைத் தேடி வருவது 'பர்சனல் லோன் வேண்டுமா' என்கிற குரல் ஒன்றுதான். அதுவும் ரெக்கார்டு செய்த குரல். கனவில்? மார்ச் 31 வரும்.

பெட்டி முன்னால் ஒரு பெரியவர் நின்றிருந்தார்.

"ஒண்டியாத்தான் வந்தீங்களா தம்பி?"

"ஆமாங்க. நீங்க?"

"நானும் ஒண்டிதானுங்க. மூணு தடவ கனவு வந்துச்சுங்க. மூணு தடவயும் வந்து சொல்லிட்டனுங்க. பூ வரலீங்க."

கனவுக்குக்கூட ரிஜெக்‌ஷனா! "அப்புறம் எதுக்குங்க மறுபடி...?"

"ஊட்ல நாய்கூட இல்லீங்க. இங்க வந்தாத்தான் 'என்ன கனவு கண்டீங்க'ன்னு ஒருத்தரு கேக்கறாருங்க."

"சரி, என்ன கனவுங்க?" என்றேன்.

படியில் துண்டை விரித்து உட்கார்ந்தார். எனக்கும் இடம் விட்டார். கீழே திருப்பூர் பஸ் மூன்று போய்விட்டது. இரண்டாவது கனவுக்கே இன்னும் வரவில்லை, மனிதர்.