காலத்துக்கு எத்தனை கோட்டிங்?

காலத்தை ஒரு படமாக வரையச் சொன்னால் என்ன வரைவீர்கள்? கடிகாரம், மணல், ஆறு, நரைத்த தாடி... அவ்வளவுதானே? நானாக இருந்தால் (வரைய மாட்டேன், பி.காம். படித்தவன், பாலன்ஸ் ஷீட்டின் அடியில் ரெட்டைக் கோடு போடுவதே என் ஓவியத் திறமையின் உச்சம்) கிருமாம்பாக்கம் பஸ் ஸ்டாப்பைத்தான் வரைவேன். கடலூர் ரோட்டில் ஒரே ஆள் மூன்று இடத்தில் நிற்பான். ஸ்கூல் பையோடு, டிபன் பாக்ஸோடு, கைத்தடியோடு. மூவரும் ஒரே பஸ்ஸை எட்டிப் பார்ப்பார்கள். பஸ் வராது.

ஆபீஸில் இதைச் சொன்னதும், 'அதெல்லாம் ஏற்கெனவே ஒருத்தர் போட்டுட்டார்ப்பா' என்றார் பக்கத்து சீட்காரர். சால்வடார் டாலி. 1931ல் கடிகாரங்கள் உருகி, கல்லிலிருந்து எடுத்த தோசை மாதிரி தொங்குவதாக வரைந்த ஸ்பெயின்காரர். உருகிய பாலாடைக்கட்டியைப் பார்த்து ஐடியா வந்ததாக அவரே எழுதி வைத்திருக்கிறார். நியூயார்க் மியூசியத்தில் இருக்கிறது. உலகப் புகழ், ஆனால் அளவு 24 செ.மீ.க்கு 33 செ.மீ.தான். மளிகைக் கடை காலண்டர் அட்டை இதைவிடப் பெரிசு.

எனக்கு ஆச்சரியம் அந்த 1931 மேல். அதே வருஷம்தான் நம்ம சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்து எஸ்.கே. கோவிந்தசாமி தஞ்சாவூர் பெரிய கோயிலின் கருவறையைச் சுற்றியிருக்கும் இருட்டுப் பாதைக்குள் போனார். சுவரில் நாயக்கர் காலத்து ஓவியம். அது பொருக்குப் பொருக்காக உதிர்ந்த இடத்தில், அடியில் வேறு ஒரு கோடு, வேறு ஒரு நிறம். சோழர் ஓவியம்! ராஜராஜன் காலத்தது. ஏறக்குறைய 900 வருஷம் முந்தையது. மேலே பூசி மறைத்ததே அதற்குப் பாதுகாப்பாகிவிட்டது.

அந்தச் சோழ ஓவியன் பட்ட அவஸ்தையை நம்மைப் போன்ற ஆபீஸ் ஜனம் புரிந்துகொள்ளும். சுண்ணாம்புப் பூச்சு ஈரமாக இருக்கும்போதே வரைந்தாக வேண்டும். காய்கிற சுண்ணாம்பு காற்றோடு சேர்ந்து கல்லாக இறுகி நிறத்தைப் பிடித்துக்கொள்ளும். காய்ந்தபின் திருத்த முடியாது. மார்ச் 31 கணக்கு முடிக்கிற மாதிரி.

அங்கே ஒரு சுவரில் சுந்தரர் கதை. கீழே கல்யாணத்தில் வந்து வழக்கடிக்கும் கிழவர், கையில் ஓலை. 'நீ எனக்கு அடிமை' என்கிறார். மாப்பிள்ளை அந்த ஓலையைப் பிடுங்கிக் கிழித்துப் போட்டார் என்கிறது பெரிய புராணம். கிழவர் விவரமானவர். கிழிந்தது படி ஓலை, மூல ஓலை பத்திரமாக இருந்தது. (சிவனே ஜெராக்ஸை நம்பவில்லை, பார்த்துக்கொள்ளுங்கள்.) அதே சுவரில் நிமிர்ந்து பார்த்தால் அதே சுந்தரர் வெள்ளை யானையில், பக்கத்துணைக்கு சேரமான் பெருமாள் குதிரையில். இன்னும் மேலே கைலாயம். ஒரு ஆயுசு முழுக்கக் கீழிருந்து மேலே போகிறது. சேக்கிழார் அந்தப் புராணத்தைப் பாடுவதற்கு நூறு வருஷத்துக்கும் மேல் முந்திய படம் இது. டாலி கடிகாரத்தோடு நின்றுவிட்டார், நம்ம ஆள் மனுஷனை வரைந்தான்.

எனக்கென்னவோ பரிதாபம் நாயக்கர் கால ஓவியன் மேல்தான். அவனும் உயிரைக் கொடுத்துத்தானே வரைந்திருப்பான்? சோழனைப் பார்க்க வேண்டுமென்றால் இவனைச் சுரண்ட வேண்டும். நல்லவேளை, தொல்லியல் துறைக்காரர்கள் சில இடங்களில் மேல் ஓவியத்தைச் சேதமில்லாமல் உரித்து, ஃபைபர் பலகையில் ஒட்டி ரெண்டையும் காப்பாற்றிவிட்டார்கள்.

அந்த வித்தை எங்கள் வீட்டு பெயிண்டருக்குத் தெரியாது. கூடத்துச் சுவரைச் சுரண்டிப் பட்டி பார்த்து எமல்ஷன் அடிக்க வந்தவர், மூலையில் கை வைத்ததும் ரோஸ் கலர் டிஸ்டெம்பர் பப்படம் மாதிரி பெயர்ந்து வந்தது. அடியில் பென்சில் எழுத்து. அப்பாவுடையது. அவர் போய் ஆறு வருஷமாகிறது. நோட்டு வாங்கக் காசை வீணாக்காத மனுஷர், கணக்கெல்லாம் சுவரில்தான். 'பால் 1½. உரம் 2 மூட்டை. காலேஜ் ஃபீஸ். தோடு அடகு 4,5...'

மீதி தெரியவில்லை. அதற்குமேல் என் பெண் கிரேயானில் வரைந்த பஸ் நிற்கிறது. டிரைவர் உட்பட அத்தனை பேருக்கும் சிரிப்பு.

'எந்தத் தோடும்மா?' என்றேன்.

அம்மாவின் கை காதுக்குப் போய் இறங்கியது. 'அது கெடக்குடா பழைய கதை.'

'மீட்டாச்சா?'

'அடுப்புல பால் வெச்சிருக்கேன்' என்று உள்ளே போய்விட்டாள்.

அடகுக்குப் பற்று இருந்தால் மீட்டதற்கு ஒரு வரி இருக்க வேண்டும். இருந்தால் பஸ்ஸுக்கு அடியில்தான் இருக்கும். பெண் ஸ்கூலிலிருந்து வர இன்னும் ஒரு மணி நேரம். பெயிண்டர் சுரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்தார்.

'இந்த ரெண்டடிய மட்டும் விட்டுடுங்க' என்றேன்.

'விட்டுடறேன் சார். ஆனா கூலி முழுச் சுவருக்குத்தான்' என்றார்.