ஜரஷில் பிள்ளைகளோடு ஒரு பகல்



உம்ராவை முடித்துக்கொண்டு திரும்பும் வழியில் மூன்று நாட்கள் ஜோர்தானில் தங்குவோம், அதில் ஒரு பகல் உரோமரின் பழைய பட்டினம் ஒன்றையும் பார்ப்போம் என்று சொன்னபோது எங்கள் குடும்பத்தில் இரண்டு விதமான பேச்சு எழுந்தது. "இடிஞ்ச கல்லப் பார்க்கவா இவ்வளவு காசு?" என்பது ஒன்று. "சிலை வணங்கின கூட்டத்தின் இடத்துக்கு ஒரு மவ்லவி பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போகலாமா?" என்பது மற்றது.

முதல் கேள்விக்கு, கட்டணத்தில் அதுவும் சேர்ந்தே இருக்கிறது என்பதைத் தவிர வேறு பதில் என்னிடம் இருக்கவில்லை. இரண்டாவதற்குப் பதில் உண்டு. தபூக் பயணத்தின்போது நபி (ஸல்) அவர்கள் ஸமூத் கூட்டத்தாரின் ஹிஜ்ர் பிரதேசத்தைக் கடந்து சென்றார்கள். அழுதவர்களாகவே தவிர அந்த அநியாயக்காரர்களின் குடியிருப்புகளுக்குள் நுழைய வேண்டாம் என்று அப்போது தோழர்களுக்குச் சொன்னார்கள். அது வேதனை இறங்கியதாக அல்குர்ஆன் பெயர் சொல்லிக் கூறும் ஓர் இடம். ஷாம் தேசத்து உரோமப் பட்டினங்களின் நிலை அப்படியல்ல. ஸஹாபாக்கள் அங்கே குடியேறினார்கள், தொழுதார்கள், பிள்ளை குட்டிகளோடு வாழ்ந்தார்கள், அங்கேயே அடக்கமும் ஆனார்கள். இதைச் சொன்ன பிறகு வீட்டில் பேச்சு அடங்கியது. சாமான் கட்டத் தொடங்கினோம்.

அம்மானிலிருந்து வடக்கே ஏறத்தாழ 48 கிலோமீற்றர் தூரத்தில் இருக்கிறது ஜரஷ். உரோமர் அதை கெராசா என்று அழைத்தார்கள். டிசம்பர் மாதம். எங்கள் கிழக்குக் கரையின் மழைக் குளிரைத்தான் குளிர் என்று நினைத்திருந்த பிள்ளைகள் அங்கே கம்பளிச் சட்டைக்குள் கையை இழுத்துக்கொண்டு நின்றார்கள். ஏழு குடும்பங்கள் ஒரு பஸ்ஸில் போனோம். வழிகாட்டி அந்த ஊர்க்காரர், ஆங்கிலமும் அறபும் பேசினார். எங்களோடு வந்த வயதான தாய்மாருக்கு ஆங்கிலம் பிடிபடாததால் அவர் அறபில் சொல்வதைத் தமிழில் சொல்லும் வேலை என் தலையில் விழுந்தது. மத்ரஸாவில் இருபது வருடம் இலக்கணம் படித்துக் கொடுத்தவனுக்கு "கழிவுநீர் வடிகால்" என்பதற்கான அறபுச் சொல் அன்றுதான் தேவைப்பட்டது!

வாசலில் மூன்று வளைவுகள் கொண்ட பெரிய தோரணம். ஹேட்ரியன் என்ற பேரரசன் கி.பி. 129 - 130 குளிர்காலத்தில் இங்கே வந்தபோது அவனை வரவேற்கக் கட்டியது. அதைத் தாண்டியதும் குதிரைப் பந்தயத் திடல்: 245 மீற்றர் நீளம், 52 மீற்றர் அகலம், ஏறத்தாழ 15,000 பேர் இருந்து பார்க்கக்கூடியது. வழிகாட்டி இந்தக் கணக்கையெல்லாம் சொல்லிக்கொண்டிருக்க, என் இரண்டாவது மகன் மறு கோடி வரை ஓடித் திரும்பிவிட்டான். ஓடட்டும் என்று விட்டுவிட்டேன். 245 மீற்றர் என்பது எவ்வளவு என்று அவனுடைய கால் அறிந்துகொண்டது. சகோதரிகளே, இப்படியான இடங்களுக்குப் பிள்ளைகளைக் கூட்டிப் போனால் முதல் அரை மணித்தியாலம் ஒன்றையும் படிப்பிக்கப் பார்க்காதீர்கள். நல்ல சப்பாத்தும் குடிக்கத் தண்ணீரும் கொண்டு போங்கள், போதும்.

நகரத்துக்குள் நுழைந்ததும் முட்டை வடிவில் ஒரு பெரிய சதுக்கம் விரிகிறது. சுற்றிவர ஐம்பதுக்கு மேற்பட்ட தூண்கள். அதன் ஒரு பக்கத்து மேட்டில் தெற்கு அரங்கு, கி.பி. முதலாம் நூற்றாண்டின் கடைசியில் கட்டியது. மூவாயிரம் பேருக்கு மேல் உட்காரலாம். கீழே நடுவில் ஒரு குறித்த கல்லில் நின்று சாதாரணமாகப் பேசினாலே மேல் படிக்கட்டு வரை கேட்கிறது. அடிச்சுவரில் வட்டமாகக் குடைந்த குழிகள் இருக்கின்றன. ஒரு பக்கத்துக் குழிக்குள் தலையை வைத்து மெல்லப் பேசினால் எதிர்ப்பக்கத்துக் குழியில் இருப்பவருக்குக் கேட்கும். என் மூத்த மகள் ஒரு பக்கம், கடைசிப் பிள்ளை மறு பக்கம் இருந்து கால் மணித்தியாலமாக என்னவோ குசுகுசுத்தார்கள். ஒலிபெருக்கியைக் கூட்டி வைத்தால்தான் பயான் என்று நினைக்கும் நமது பள்ளிவாசல் நிர்வாகங்களை ஒருமுறை இங்கே கூட்டி வர வேண்டும். அந்த அரங்கில் ஜோர்தான் படைச் சீருடையில் இருவர் ஸ்கொட்லாந்துப் பை வாத்தியம் ஊதிக்கொண்டிருந்தார்கள். வெள்ளைக்காரன் விட்டுப்போன பழக்கம். எங்களோடு வந்த ஒரு தாய் காதைப் பொத்திக்கொண்டு, பேரனோ அதற்கு ஆடிக்கொண்டு!

பிறகு நீண்ட தூண் வீதி, ஏறத்தாழ 800 மீற்றர். கற்கள் பெரும்பாலும் அன்று பதித்தவையே. வண்டிச் சக்கரங்கள் ஓடி ஓடி உண்டான பள்ளம் கல்லில் அப்படியே கிடக்கிறது. கடைசிப் பிள்ளை அந்தப் பள்ளத்துக்குள் ஒரு காலை வைத்து நடந்து வந்தது. வீதிக்கு அடியில் வடிகால். "இந்த மனிசர் எங்கட நாட்டுக்கும் வந்திரிக்காங்களா?" என்று மகள் கேட்டாள். அவர்களுடைய செப்புக் காசுகள், முக்கியமாக நான்காம், ஐந்தாம் நூற்றாண்டுக் காசுகள், இலங்கையில் ஆயிரக்கணக்கில் மண்ணிலிருந்து கிடைத்திருக்கின்றன என்றேன். அவளுக்கு அது பெரிய சந்தோஷம். "அப்ப நம்மட ஆக்கள் இவங்களுக்கு என்ன வித்திருப்பாங்க?" என்று அடுத்த கேள்வியைத் தொடங்கினாள்.

அந்த இடத்தில்தான் மகன் வாயைத் திறந்தான். வீதியின் இரு பக்கமும் உருண்டு கிடந்த தூண் துண்டுகளைக் காட்டி, "வாப்பா, இவங்க சிலைய வணங்கினதாலதானே அல்லாஹ் பூமிய ஆட்டி இதையெல்லாம் புரட்டிப் போட்டான்?" என்றான்.

பதினொரு வயதுப் பிள்ளை. எங்கோ கேட்ட பயானைத் திருப்பிச் சொல்கிறான். ஆனால், அதைக் கேட்ட என் மனைவி சட்டென்று நின்றுவிட்டதை நான் கண்டேன்.

அதற்கான காரணத்தை நீங்கள் அறிய வேண்டும். 2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமைக் காலையில் வந்த அந்த அலையில் அவர் தன் உம்மாவையும் பன்னிரண்டு வயதுத் தங்கையையும் இழந்தவர். அன்று தூர இருந்த ஒரு மாமி வீட்டில் தங்கியிருந்ததால் அவர் தப்பினார். நம் நாட்டில் 30,000 பேருக்கு மேல் போய்ச் சேர்ந்த அந்த நாட்களில், பாடசாலைக் கட்டடம் ஒன்றில் அகதியாக இருந்தபோது, வெளியூரிலிருந்து வந்த ஒரு பேச்சாளர், கடற்கரையில் நடந்த பாவங்களுக்கு அல்லாஹ் தந்த தண்டனை இது என்று ஒலிபெருக்கியில் பேசினாராம். மையித்து கிடைக்காத பெண்கள் அதைக் கேட்டுக்கொண்டு இருந்தார்கள். எங்கள் கல்யாணத்துக்குப் பிறகு ஒரே ஒரு தடவைதான் அவர் இதை என்னிடம் சொன்னார். பிள்ளைகளிடம் சொன்னதில்லை. மூத்தம்மாவைக் கடல் கொண்டுபோயிற்று, அவ்வளவுதான் அவர்களுக்குத் தெரியும்.

மகனின் கேள்வியை அறபில் வழிகாட்டியிடம் சொன்னேன். அவர் சிரிக்கவுமில்லை, கோபிக்கவுமில்லை. வீதியோடு இன்னொரு வீதி குறுக்கிடும் சந்திக்கு எங்களைக் கூட்டிப் போனார். அங்கே இடுப்பளவுச் சுவர்கள், நடுவில் பரந்த வெளி. "இது என்ன தெரியுமா?" என்று மகனைக் கேட்டார். தென்பக்கச் சுவரில் ஒரு குழிவு. மகன் பார்த்துக்கொண்டே நின்றான். "மிஹ்ராப்" என்றாள் மகள்.

ஆம். உமையாக்கள் காலத்து ஜும்ஆப் பள்ளிவாசல். பழைய குளியல் மண்டபமொன்றின் மேல் எட்டாம் நூற்றாண்டில் கட்டியது. 2002இல் தொடங்கிய அகழ்வில்தான் வெளிப்பட்டது. டென்மார்க்கின் கொபன்ஹேகன் பல்கலைக்கழகத்தாரும் ஜோர்தான் தொல்பொருள் திணைக்களத்தாரும் சேர்ந்து தோண்டினார்கள். பக்கத்தில் கடைகள் கூட இருந்திருக்கின்றன, நமது ஊர்ப் பள்ளிவாசல்களைப் போலவே.

"பூமி அதிர்ந்தது கி.பி. 749 ஜனவரியில். அப்போது இந்த ஊர் முஸ்லிம்களின் கைக்கு வந்து நூறு வருடம் தாண்டிவிட்டது. இந்தப் பள்ளியில் தொழுதவர்களும் கிறிஸ்தவர்களும் ஒரே வீதியில் இருந்தவர்கள். விழுந்த கல் யார் என்று பார்த்து விழவில்லை" என்றார் அவர்.

மகன் என்னைப் பார்த்தான். இந்த இடத்தில் வாப்பா என்பவன் பேசியாக வேண்டும். நான் ஷுரஹ்பீல் இப்னு ஹஸனா (ரலி) அவர்களைப் பற்றிச் சொன்னேன். ஜோர்தான் பிரதேசத்தையும் இந்த ஜரஷையும் இஸ்லாத்தின் கீழ் கொண்டுவந்த படைத்தலைவர் அவர்தான். சில வருடங்களில், ஹிஜ்ரி 18இல், ஷாமில் அம்வாஸ் கொள்ளைநோய் வந்தது. அபூஉபைதா (ரலி), முஆத் (ரலி) போன்ற பெரியவர்களெல்லாம் அதில் போனார்கள். ஷுரஹ்பீலும் போனார். அந்த நோயை வேதனை என்று ஒருவர் சொன்னபோது ஷுரஹ்பீல் கடுமையாகக் கோபப்பட்டு, இது உங்கள் இறைவனின் அருள், உங்களுக்கு முன் வாழ்ந்த நல்லடியார்களின் மரணம் என்று மறுத்த செய்தி முஸ்னத் அஹ்மதில் பதிவாகியுள்ளது.

"கொள்ளைநோயில் மரணிப்பவர், தண்ணீரில் மூழ்கி மரணிப்பவர், இடிபாட்டில் சிக்கி மரணிப்பவர் இவர்களெல்லாம் ஷஹீதுகள் என்று நபியவர்கள் ஒரே ஹதீஸில் சேர்த்துச் சொன்னார்கள். புகாரியிலும் முஸ்லிமிலும் இருக்கிறது. இந்த ஊரை வென்றவர் கொள்ளைநோயில் போனார். இந்தப் பள்ளிக்காரர் இடிபாட்டில் போனார்கள். தண்ணீரில் போனது யார் மகன்?" என்று கேட்டேன்.

அவன் பதில் சொல்லவில்லை. உம்மாவுக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டான்.

அழிந்துபோன சமூகங்களைப் பற்றி அல்குர்ஆன் சொல்லவில்லையா என்று நீங்கள் கேட்கலாம். சொல்கிறது. பெயர் சொல்லி, காரணமும் சொல்கிறது. அது அறிந்தவன் சொன்னது. எந்த வீட்டின் மேல் எதற்காகக் கூரை விழுந்தது என்று சொல்லும் அறிவு மிம்பரில் ஏறுகிற எனக்கோ வேறு எவருக்கோ கொடுக்கப்படவில்லை. அனர்த்தம் நடந்த ஊருக்குள் போய் இதைப் பேசுகிறவர்களை நான் எக்காலத்திலும் சகித்ததில்லை.

அடுத்து நீர் மண்டபம். கி.பி. 191இல் கட்டியது, சிங்க வாய்களிலிருந்து தண்ணீர் கொட்டுமாம். வடிகால் வாயில் மீன்களைச் செதுக்கியிருக்கிறார்கள். கடைசிப் பிள்ளைக்கு ஜரஷ் முழுவதும் அந்த மீன்கள்தான்.

மேட்டின் உச்சியில் ஆர்ட்டெமிஸ் கோயில். முன்பக்கத்துப் பன்னிரண்டு தூண்களில் பதினொன்று இன்றும் நிற்கின்றன. வழிகாட்டி தன் சட்டைப் பையிலிருந்து தேநீர்க் கரண்டி ஒன்றை எடுத்து ஒரு தூணின் அடியில் இருந்த கீறலுக்குள் செருகினார். பார்த்துக்கொண்டிருக்கும்போதே கரண்டியின் வால் மெல்ல ஏறி இறங்கியது. காற்றுக்கு அந்தப் பெரிய தூண் அசைகிறது! ஒரே கல்லாக இல்லாமல் உருளைகளை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கியதால் தூண் சற்று அசைந்து கொடுக்கிறது, அசைந்து கொடுப்பதால்தான் நிற்கிறது என்றார். அதைக் கேட்டதும் எங்களோடு வந்த தாய்மார் எல்லோரும் சேர்ந்து பத்தடி பின்னால் போனார்கள்.

கோயிலுக்குப் பின்னால் வடமேற்குப் பக்கம் கையைக் காட்டி அவர் இன்னொன்றும் சொன்னார். அங்கே 2011 முதல் டென்மார்க், ஜேர்மனி நாட்டவர்கள் சேர்ந்து அகழ்ந்தார்கள். 749இல் இடிந்த ஒரு வீட்டில் தொட்டி ஒன்று அகப்பட்டது. நிலத்தில் சித்திரம் பதிப்பதற்காக வெட்டி வைத்த சின்னஞ்சிறு கற்கள் அதற்குள் ஆயிரக்கணக்கில் கிடந்தன. வீட்டைத் திருத்தி அழகுபடுத்திக்கொண்டிருந்திருக்கிறார்கள். வெட்டியது வெட்டியபடி கிடந்தது. பதிப்பதற்கு ஆளில்லை.

நான் இதைத் தமிழில் சொல்லி முடித்தபோது மனைவி ஒரு கல்லில் உட்கார்ந்துவிட்டார். முழங்கால் நோவு என்று மற்றப் பெண்களிடம் சொன்னார்.

பகல் சாப்பாட்டுக்குப் பிறகு பஸ் அம்மானை நோக்கித் திரும்பியது. ஜரஷின் புதிய ஊர் ஆற்றுக்கு அக்கரையில் இருக்கிறது. கொக்கேசியா மலைநாட்டிலிருந்து ரஷ்யர்களால் விரட்டப்பட்ட சேர்க்கேசிய முஸ்லிம்கள் வந்து குடியேறி உயிர் கொடுத்த ஊர். ஜன்னலால் அதைக் காட்டிக்கொண்டு வந்த வழிகாட்டி கொஞ்ச நேரத்தில் உறங்கிப் போனார். பஸ்ஸில் பாதிப்பேரும் உறக்கம்.

எனக்குப் பின் ஆசனத்தில் மனைவியின் குரல் கேட்டது. மகளிடமும் மகனிடமும் சொல்லிக்கொண்டிருந்தார். மூத்தம்மா வீட்டுத் திண்ணையில் ஒரு கைத்தறி இருந்தது. அந்த ஞாயிறு தறியில் ஒரு சேலை ஏறியிருந்தது, அரைவாசி நெய்து முடிந்திருந்தது. நாலு நாளைக்குப் பிறகு ஊருக்குள் விட்டபோது வீட்டில் எஞ்சியிருந்தது பின்சுவர் மட்டும். தறி அந்தச் சுவரோடு சாய்ந்து நின்றது. அந்தச் சேலையும் அதிலேயே சேறோடு இருந்தது.

"யாருக்கு நெய்த சேலை உம்மா?" என்று மகன் கேட்டான்.

"எனக்கு. அடுத்த மாசம் என்ட நிச்சயதார்த்தம்."

"என்ன நிறம்?" என்றாள் மகள்.

"மாம்பழ மஞ்சள். கரை மட்டும் பச்சை" என்றார் அவர். பிறகு சாச்சியைப் பற்றிக் கேட்டார்கள். அம்மான் வரும் வரை பேசிக்கொண்டே வந்தார்கள். நான் திரும்பிப் பார்க்கவில்லை.