கைதிமுகாமில் பிறந்த கணக்கேடு

1940-ஆம் ஆண்டில் ஜெர்மானியரிடம் சிறைப்பட்டு, யுத்தம் முடியும்வரை ஆஸ்திரியாவின் எடல்பாக் கைதிமுகாமில் வாழ்ந்த ழான் லெரே என்னும் பிரெஞ்சுக் கணித மேதை, திரவ இயக்க சாஸ்திரத்தில் தமக்கிருந்த புலமையைப் பகைவர் போர்க்காரியத்துக்குப் பயன்படுத்துவரோ என்றஞ்சி அதை மறைத்து, டோபாலஜியே தம் துறையென்று சொல்லிக்கொண்டு ஆற்றிய சிந்தனையிலிருந்துதான் ஸ்பெக்ட்ரல் ஸீக்வென்ஸ் என்னும் அற்புத சாதனம் பிறந்தது என்பதை நினைக்குந்தோறும் என் உள்ளம் நெகிழ்கிறது.

ஒரு கோளத்தை மற்றொரு கோளத்தின்மேல் சாராம்சத்தில் எத்தனை விதமாகப் படியவைக்கலாம் என்பதே அச்சாதனம் பின்னர் எதிர்கொண்ட பிரச்னை. கேட்க எளிது, விடையோ மகா கடினம். 1951-இல் ழான்-பியேர் ஸேர் என்னும் கணித அறிஞர், ஒரு வெளியின் குறித்த புள்ளியில் தொடங்கும் பாதைகள் அனைத்தையும் தனியொரு வெளியாகத் திரட்டினார். அது ஒரே புள்ளியாகச் சுருங்கத்தக்கது. ஆதலால், ஸ்பெக்ட்ரல் ஸீக்வென்ஸ் என்னும் கணக்கேட்டின் பக்கங்களைப் புரட்டப் புரட்ட வரவும் செலவும் ஒன்றையொன்று அழித்துக்கொண்டு, தொடக்க இருப்பைத் தவிர யாதொன்றும் மிஞ்சாதிருக்க வேண்டும். அந்த நிர்ப்பந்தமே, படியவைக்கும் விதங்களைத் தொகுத்துக்காட்டும் ஹோமோடோபி குலங்களில் நாம் அறியாதவற்றை நமக்கு அறிவிக்கிறது. இதனினும் அழகிய யுக்தியொன்றைக் கணிதத்தில் நான் கண்டதில்லை.

சம பரிமாணக் கோளங்களுக்கிடையே எழும் குலமும், 1931-இல் ஹோப்ஃப் கண்டு உலகை வியக்கவைத்த முப்பரிமாண, இருபரிமாணக் கோளங்களின் உறவை முதலாவதாகக் கொண்ட ஒரு வரிசையும் நீங்கலாக, ஏனைய குலங்கள் யாவும் முடிவுள்ளவை என ஸேர் நிறுவினார். 1954-இல், இருபத்தேழாம் வயதில், அவருக்கு ஃபீல்ட்ஸ் பதக்கம் கிட்டியது. எனினும் அம்முடிவுள்ள குலங்களின் முழு அட்டவணை இன்றுவரை எவர் கைக்கும் எட்டவில்லை.