காசியில் இல்லாத வீடு

காசிக்குப் போனால் எதையாவது விட்டுவிட்டு வர வேண்டும் என்பார்கள். என் தகப்பனாருக்காகப் போனபோது நான் கொத்தவரங்காயை விட்டேன். அது எனக்கு என்றைக்குமே பிடித்ததில்லை என்பது வேறு விஷயம். ஆனால் போன காரியம் முடிந்த பிறகும் இரண்டு நாள் அங்கேயே தங்கி, பங்காளி டோலாச் சந்துகளில் ஒரு வீட்டைத் தேடிக்கொண்டிருந்தேன்.

சத்யஜித் ராய் 1956-ல் எடுத்த 'அபராஜிதோ'வைப் பார்த்தவர்களுக்கு அந்த வீடு தெரியும். நடுவில் முற்றம், சுற்றிலும் இருட்டறைகள், மேலேயிருந்து நிழலே விழாமல் இறங்கும் ஒரு சாம்பல் வெளிச்சம். அங்கேதான் ஹரிஹரர் விடியற்காலையில் ஒரு வாய் கங்கா ஜலத்தோடு கண்ணை மூடுகிறார். கும்பகோணத்தில் அப்பா போனதும் முற்றத்து ஓரத்தில்தான். அதே மாதிரி வெளிச்சத்தில்தான். அதற்குப் பிறகு அந்தப் படத்தை மறுபடி பார்க்கப் போய், பாதியில் எழுந்து வந்துவிட்டேன்.

"பிண்டம் போட வந்தவாளைப் பார்த்திருக்கேன். சினிமா வீடு தேடி வந்தவரை இப்பத்தான் பார்க்கறேன்" என்றார் சாஸ்திரிகள்.

வீடு கிடைக்கவில்லை. எப்படிக் கிடைக்கும்? அந்த முற்றம் காசியிலேயே இல்லை, கல்கத்தா ஸ்டூடியோ ஒன்றில் போட்ட ஸெட் என்று பின்னால் ஒரு புத்தகத்தில் படித்தேன். கலை டைரக்டர் பன்ஸி சந்திரகுப்தா முதலில் அதைத் திறந்த வெளியில்தான் கட்ட நினைத்தாராம். மழைக்குப் பயந்து கொட்டகைக்குள் கொண்டுபோனார். ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா, வானத்து வெளிச்சத்தைக் கொட்டகைக்குள் கொண்டுவர முடியாது என்று மன்றாடிப் பார்த்தார். யாரும் கேட்கவில்லை. கடைசியில் முற்றத்துக்கு மேலே சட்டம் போட்டு வெள்ளைத் துணியைக் கட்டி, விளக்குகளைக் கீழிருந்து துணியின்மேல் அடித்து, அது திரும்பி விழுகிற வெளிச்சத்தில் படம் பிடித்தார்.

எனக்குக் கோபம்தான் வந்தது. ஒரு துணிக்காகவா எழுந்து வந்தேன்!

கோபம் தணிந்த பிறகு அந்த மனிதரைப் பற்றித் தேடிப் படித்தேன். சியால்கோட்டில் 1924-ல் பிறந்த காஷ்மீரி. ழான் ரெனுவார் வங்காளத்தில் 'தி ரிவர்' எடுக்க வந்தபோது, அவருடைய கலை டைரக்டர் யூஜின் லூரியேயிடம் வேலை பழகினார். 'பதேர் பாஞ்சாலி'க்கு போரால் கிராமத்தில் ஓர் இடிந்த வீட்டைத் திருத்திக் கொடுத்தார். 'ஜல்ஸாகர்' நிம்திதாவில் ஒரு நிஜ மாளிகையில் எடுத்தது. இசைக்கூடம் மட்டும் இவர் ஸ்டூடியோவில் போட்டது. எது நிஜம், எது ஸெட் என்று நான் தேடிப் பார்த்துத் தோற்றேன். 'சாருலதா'வின் வீடும் இவர் கட்டியதே. பிறகு பம்பாய். 1981-ல் நியூயார்க்கில் காலமானார். 'சக்ரா'வுக்குக் கிடைத்த பிலிம்பேர் பரிசு மறு வருஷம்தான் வந்தது.

சுவரை எழுப்பக் கொத்தனார் போதும். அதில் ஐம்பது வருஷத்தை ஏற்ற வேண்டுமே! மாடத்துக்கு மேல் கரி எவ்வளவு உயரம் படியும், எந்தத் தூணில் கைப்பிசுக்கு ஏறியிருக்கும், எந்தப் படி தேய்ந்திருக்கும் என்றெல்லாம் தெரிய வேண்டும். அத்தனையும் சரியாக இருந்துவிட்டால் பார்க்கிறவன் காசிக்கு டிக்கெட் வாங்கிவிடுகிறான். கட்டினவர் பெயரைக் கேட்பதில்லை. நானே இத்தனை வருஷம் கேட்கவில்லையே.

நானும் கதைகளில் வீடு கட்டிப் பிழைப்பவன்தான். ஒரு தடவை திருச்சியிலிருந்து ஒரு வாசகி எழுதினார்: "உங்கள் நாவலில் மூன்றாம் அத்தியாயத்தில் கிணறு கொல்லையில் இருக்கிறது. பதினோராம் அத்தியாயத்தில் கதாநாயகி முற்றத்தில் நின்று தண்ணீர் சேந்துகிறாளே, எப்படி?" அப்போது சிரித்துக்கொண்டே கடிதத்தை மேஜைக்குள் போட்டேன். சந்திரகுப்தாவைப் பற்றிப் படித்த அன்று ராத்திரி அதைத் தேடி எடுத்தேன். அந்த நாவலில் வருவது எங்கள் கும்பகோணத்து வீடு. அப்பா தினமும் விடியற்காலையில் ஸ்நானம் பண்ணின கிணறு அது. அதையே இடம் மாற்றி வைத்திருக்கிறேன்!

இரண்டாம் பதிப்பில் அதைக் கொல்லைக்கே கொண்டுபோய்விட்டேன். துவைக்கிற கல் கிணற்றுக்கு இடப் பக்கமா, வலப் பக்கமா என்று அக்காவைக் கேட்டு எழுதியிருக்கிறேன். பதில் வரவில்லை.