கிருலப்பனையில் பாடும் பேணிகள்

வெள்ளவத்தையிற் கடலைச் சேரும் கால்வாயைப் பின்பற்றி உட்புறமாக வந்தால் கிருலப்பனையை அடையலாம். ஹைலெவல் வீதியில் 138ஆம் இலக்க பஸ்களின் இரைச்சல். அப்பால் களனிவெளிப் புகையிரதத்தின் ஊதல். சங்கீதத்திற்கும் இவ்விடத்திற்கும் என்ன உறவு என்று நேயர்கள் கேட்கலாம். அங்குள்ள மாணவி ஒருத்தியின் வீட்டுச் சமையலறை கச்சேரி மேடையாக விளங்கக் கண்டேன்.

மேசைமீது யாழ்ப்பாணத்து மூக்குப்பேணிகள் ஐந்து. அருகே ஒரு சிரட்டை அகப்பை. அகப்பை தானாகவே ஊர்ந்து வந்து பேணிகளைத் தட்டிப் பாடவைப்பதுபோல அவள் ஒரு கார்ட்டூன் படம் செய்துகொண்டிருந்தாள். அகப்பையைச் சற்றே நகர்த்துவது, கைத்தொலைபேசியால் ஒரு படம் எடுப்பது, மீண்டும் நகர்த்துவது; இதுவே வேலை. விநாடிக்கு 12 படங்கள். விநாடிக்கு ஓர் அட்சரமென வைத்தால், ஆதிதாளம் ஒருமுறை சுற்றிவர 96 படங்கள் வேண்டும்! பன்னிரண்டாம் படத்தில் விழவேண்டிய தட்டு பதினான்கில் விழுந்தால் கண்ணுக்கும் காதுக்கும் பிணக்கு வந்துவிடும்.

1928இல் வெளிவந்த வால்ட் டிஸ்னியின் 'ஸ்டீம்போட் வில்லி'யில் மிக்கி எலி சட்டிபானைகளை மட்டுமன்றிப் பசுவின் பற்களையுங்கூடத் தட்டி வாசித்தது. அங்கும் தாளக் கணக்கை வைத்தே படங்களை எண்ணி வரைந்தனர். ஆனால் அச்சட்டிகள் வெறும் சித்திரங்கள். ஓசையை எழுப்பியவர்கள் வேறு. இங்கோ பேணியின் ஓசை பேணியினுடையதே. ஜலதரங்கத்திற்போல, நீர் கூடக்கூட ஓசை தாழும். அவ்விதம் நீரைக் கூட்டியும் குறைத்தும் மோகனத்தின் ஐந்து சுரங்களுக்கு ஐந்து பேணிகளையும் இசைவித்திருந்தாள். நான்கு இசைந்தன. விளிம்பு நசுங்கிய ஒன்று மாத்திரம் 'டொக்' என்றது.

அவை, 1995இல் யாழ்ப்பாணத்தைவிட்டு இடம்பெயர்ந்தபோது பாட்டியார் ஒரு பையிலிட்டுச் சுமந்து வந்தவை. ஆறாவது பேணி வழியிலே தொலைந்தது, ஐந்தாவது நசுங்கியது.

"இந்தச் சத்தத்தைக் கம்ப்யூட்டரிலை திருத்தட்டோ, அம்மம்மா?" என்றாள் பேத்தி.

"வேண்டாம் பிள்ளை. அதுக்கு அதின்ர குரல்தான். விடு."

சுருதிப் பிசகைப் பொறாதவன் நான். ஆயினும் அன்று என் மனம் பாட்டியார் பக்கமே நின்றது. மாணவி சிறிது யோசித்தாள். பின்னர் அந்தப் பேணியைச் சுரவரிசையினின்று நீக்கித் தாளத்தின் முதலடிக்கு வைத்துக்கொண்டாள். அவ்விடத்தில் அந்த 'டொக்' நன்றாகவே பொருந்தியது.

மாலைக்குள் நாற்பது படங்களே முடிந்தன. பேணிகள் யாவும் மேசையிலிருந்தபடியால், தேநீர் எங்களுக்குக் கண்ணாடிக் குவளைகளில் வந்தது.